ஏரிக்கரைக் குழந்தைகளின் மனநலம்: சுண்ணாம்புக்குளத்துக்கும் மருத்துவமனைக்கும் இடையே

1. பொருளும் கேள்வியும்

குழந்தைப் பருவத்து மனநலச் சிக்கல்களைப் புரிதலுக்காக மூன்று தொகுதிகளாகப் பிரித்துப் பார்க்கலாம். மூளை வளர்ச்சியோடு பிணைந்து மிகச் சிறு வயதிலேயே தொடங்குபவை முதல் தொகுதி: அறிவுத்திறன் குறைபாடு, ஆட்டிசம், கவனக்குறைவும் மிகை இயக்கமும் சேர்ந்த கோளாறு, படிப்பிலும் எழுத்திலும் மட்டும் தெரியவரும் கற்றல் குறைபாடு. பதற்றம், மனச்சோர்வு, பேரதிர்ச்சிக்குப் பிறகு வரும் உளைச்சல் முதலிய உணர்வுக் கோளாறுகள் இரண்டாவது. ஓயாத முரண்டு, அடிதடி, வீட்டைவிட்டு ஓடுதல் என நடத்தையில் வெளிப்படுபவை மூன்றாவது. ஒரே குழந்தையிடம் இவற்றில் இரண்டு சேர்ந்திருப்பது சாதாரணம். எழுத்துக்கூட்டிப் படிக்க வராத பிள்ளை வகுப்பில் நாள்தோறும் தலைகுனிந்து பதற்றத்துக்கு ஆளாகிறது. பதற்றம் முற்றினால் பள்ளிக்குப் போக மறுக்கிறது. அந்த மறுப்பை வீடும் பள்ளியும் திமிர் என்றே எடுத்துக்கொள்கின்றன.

திருவள்ளூர் மாவட்டம் கும்மிடிப்பூண்டி வட்டத்தில், ஆந்திர எல்லையை ஒட்டி, பழவேற்காடு ஏரியின் மேற்குக் கரைப் பகுதியில் இருக்கிறது சுண்ணாம்புக்குளம். சிலிக்காவுக்கு அடுத்து இந்தியாவின் இரண்டாவது பெரிய உவர்நீர் ஏரி பழவேற்காடு. ஏரியின் பெரும்பகுதி ஆந்திரத்தில் கிடக்கிறது. கடலுக்கும் ஏரிக்கும் நடுவே ஸ்ரீஹரிகோட்டா தீவு நீண்டிருக்கிறது. சுண்ணாம்புக்குளமும் அதைச் சூழ்ந்த ஏரிக்கரை ஊர்களும் சென்னையிலிருந்து ஏறத்தாழ 60 கிலோமீட்டருக்குள் இருப்பவை. ஆனால் அங்குள்ள ஒரு குழந்தைக்கு மனநல உதவி எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்பதைக் கிலோமீட்டரால் மட்டும் அளக்க முடியாது.

கடலோரக் குழந்தைகளின் மனநலம் பற்றிய பொதுப் புரிதல் 2004 ஆழிப்பேரலையைச் சுற்றியே உருவாகியிருக்கிறது. அந்தப் புரிதல் ஏரிக்கரைக் குழந்தைகளுக்கு எவ்வளவு பொருந்தும், அவர்களுக்குத் தேவையான உதவி எது, அதை யார் கையில் கொடுத்தால் பலிக்கும் என்பவையே இக்கட்டுரை ஆராயும் கேள்விகள்.

2. எண்கள் எவ்வளவு தூரம் உதவும்

பெங்களூருவில் நகர, கிராமப் பகுதிகளில் 16 வயது வரையிலான 2,064 குழந்தைகளிடம் நடத்தப்பட்டு 2005-இல் வெளியான ஆய்வு, 12.5 விழுக்காட்டினரிடம் ஏதேனும் ஒரு மனநலக் கோளாறு இருப்பதாகக் கண்டது. நிமான்ஸ் மனநல நிறுவனம் தமிழ்நாடு உள்ளிட்ட 12 மாநிலங்களில் 2015-16இல் நடத்திய தேசிய மனநலக் கணக்கெடுப்பு, 13 முதல் 17 வயதினரிடம் 7.3 விழுக்காடு என்றது. பல இந்திய ஆய்வுகளைத் தொகுத்து 2014-இல் வந்த பகுப்பாய்வில் வீடு வீடாகச் சென்று எடுத்த கணக்கு 6.46 விழுக்காடு; பள்ளிகளில் எடுத்த கணக்கு 23.33 விழுக்காடு.

ஒரே நாட்டுக் குழந்தைகளைப் பற்றிய எண்கள் இப்படி மாறுவதற்குக் காரணம் குழந்தைகள் மட்டுமல்ல. யாரிடம் கேட்டார்கள், எந்த வினாத்தாளால் கேட்டார்கள் என்பதைப் பொறுத்தும் விடை மாறுகிறது. வீட்டில் தாய் "சேட்டை" என்று சிரித்து விட்டுவிடுவதை, 40 பிள்ளைகளை வைத்துக்கொண்டு பாடம் நடத்தும் ஆசிரியர் பெருந்தொல்லையாகக் குறிப்பார். வீட்டில் யாரும் கவனிக்காத வாசிப்புத் தடுமாற்றம் பள்ளியில்தான் தெரியவரும்.

தேசியக் கணக்கெடுப்பின் உள்விவரம் இன்னும் கவனிக்கத்தக்கது. பெருநகர வளரிளம் பருவத்தினரிடம் 13.5 விழுக்காடாக இருந்த அளவு, கிராமங்களில் 6.9 விழுக்காடு. இதைக் கொண்டு கிராமத்துப் பிள்ளைகள் நலமாக இருப்பதாக முடிவுகட்டுவது அவசரம். கணக்கெடுப்பின் பகுப்பு கிராமம், நகரம், பெருநகரம் என்ற மூன்றோடு நின்றுவிடுகிறது. உழவூரும் மலையூரும் மீனவக் குப்பமும் ஒரே "கிராமம்" என்ற தலைப்பில் அடங்கிவிடுகின்றன. மழையை நம்பும் குடும்பத்தின் கவலைக்கும், முகத்துவாரம் தூர்ந்தால் வருமானம் போகும் குடும்பத்தின் கவலைக்கும் காலமும் வடிவமும் வேறு.

இரண்டு செய்திகள் மட்டும் ஐயத்துக்கு இடமின்றித் தெரிகின்றன. எந்தக் கணக்கை எடுத்தாலும், ஓர் ஊரின் நடுநிலைப் பள்ளியில் உதவி தேவைப்படும் பிள்ளைகள் சிலராவது நிச்சயம் இருப்பார்கள். அவர்களில் பெரும்பாலோருக்கு அந்த உதவி எட்டவில்லை. மனநலக் கோளாறுகளுக்குச் சிகிச்சை பெறாதோர் நோயைப் பொறுத்து 70 முதல் 92 விழுக்காடு வரை என்கிறது அதே தேசியக் கணக்கெடுப்பு.

3. ஆழிப்பேரலை ஆய்வுகள் காட்டியதும் மறைத்ததும்

2004 டிசம்பர் 26-க்குப் பிறகு தமிழகக் கடற்கரைக்கும் இலங்கைக்கும் மனநல ஆய்வாளர்கள் திரளாக வந்தார்கள். தமிழகக் கடலோரத்தில் 502 குழந்தைகளிடம் நடத்தப்பட்டு 2007-இல் வெளியான ஆய்வு, 70.7 விழுக்காட்டினரிடம் பேரதிர்ச்சிக்குப் பிந்தைய உளைச்சல் உடனடியாகத் தோன்றியதாகக் கண்டது. இலங்கையில் மணற்காடு உள்ளிட்ட மூன்று இடங்களில் அலை அடித்த ஒரு மாதத்துக்குள் எடுத்த கணக்கில் அதே கோளாறு ஊருக்கு ஊர் 14 முதல் 39 விழுக்காடு வரை மாறியது. அலையின் சீற்றம், இழந்த உறவு, கேள்வி கேட்ட நாள், நோயை வரையறுத்த முறை எல்லாம் எண்ணை மாற்றின. சென்னையின் ஸ்நேகா தற்கொலைத் தடுப்பு அமைப்பை 1986-இல் நிறுவிய மருத்துவர் லட்சுமி விஜயகுமாரும் உடன் ஆய்வாளர்களும், ஆழிப்பேரலையைக் கண்ட எல்லாக் குழந்தைகளுக்கும் சிகிச்சை வேண்டுமா என்ற கேள்வியையே தலைப்பாக வைத்து 2006-இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அந்த நேரத்தில் கேட்கப்பட்டிருக்க வேண்டிய கேள்வி அதுதான். அச்சமும் கெட்ட கனவும் பேரிடருக்குப் பின் பெரும்பாலான பிள்ளைகளுக்கு வரும். வீடும் விளையாட்டும் பள்ளியும் திரும்பக் கிடைத்தால் பலருக்குத் தானே தணியும். தணியாத சிலரை அடையாளம் காண்பதுதான் மருத்துவத்தின் வேலை.

ஆழிப்பேரலை நாகப்பட்டினத்தைச் சிதைத்தது போல ஏரிக்கரையைச் சிதைக்கவில்லை. அந்த மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர்; திருவள்ளூர் மாவட்டத்தின் உயிரிழப்பு அதனோடு ஒப்பிடும் அளவில் இல்லை. ஏரிக்கரையைப் பின்னாளில் உலுக்கியவை 2016 டிசம்பர் 12-இன் வர்தா புயலும் 2023 டிசம்பரின் மிக்ஜாம் புயல் மழையும். ஆய்வாளர்கள் பேரிடரைத் தேடிச் சென்றதில் தவறில்லை. ஆனால் அதன் விளைவாக, "கடலோரக் குழந்தை" என்றாலே "அலையைக் கண்டு அஞ்சிய குழந்தை" என்ற படம் நிலைத்துவிட்டது. ஆட்டிசத்தோடு பிறந்த குழந்தையும், அப்பா குடித்துவிட்டு வரும் இரவுகளில் தூங்காத குழந்தையும், எட்டாம் வகுப்பிலும் தன் பெயரைத் தவிர வேறு எழுதத் தெரியாத குழந்தையும் அந்தப் படத்தில் இடம்பெறவில்லை.

இதற்குத் தக்க சான்று இலங்கையிலிருந்தே வருகிறது. போரையும் ஆழிப்பேரலையையும் கண்ட வடகிழக்கின் 296 தமிழ்ப் பள்ளிப் பிள்ளைகளிடம் நடத்தப்பட்டு 2008-இல் வெளியான ஆய்வில், 30.4 விழுக்காட்டினரிடம் பேரதிர்ச்சிக்குப் பிந்தைய உளைச்சலும் 19.6 விழுக்காட்டினரிடம் மனச்சோர்வும் காணப்பட்டன. போருக்கும் அலைக்கும் இணையாக அந்தப் பிள்ளைகளை வாட்டியது வீட்டுக்குள் நடந்த வன்முறை. தந்தையின் குடிக்கும் அந்த வன்முறைக்கும் நேரடித் தொடர்பு இருந்தது. பேரிடர் ஒருமுறை வந்து போனது. குடி வாரந்தோறும் வந்தது. பழவேற்காட்டுக் கரைக்கு ஆழிப்பேரலை ஆய்வுகளிலிருந்து எடுத்துக்கொள்ளத்தக்க பாடம் இதுவே என்பது இக்கட்டுரையின் கருத்து.

4. ஏரி வாழ்க்கையும் குழந்தையின் நாளும்

ஏரித் தொழிலின் நேரம் குழந்தையின் நேரத்தோடு ஒத்துப்போவதில்லை. இறால் பாடு பல ஊர்களில் இரவுத் தொழில். அப்பா வலைக்குப் போகும் நேரத்தில் பிள்ளை தூங்கப் போகிறது. பிள்ளை பள்ளிக்குக் கிளம்பும் நேரத்தில் அப்பா களைத்து வந்து படுக்கிறார், அம்மா இறாலைத் தரம் பிரித்து ஏலத்துக்கோ சந்தைக்கோ கூடையோடு போயிருக்கிறார். மூத்த அக்கா இருந்தால் தம்பிக்குத் தலை வாருவதும் சோறு போடுவதும் அவள் பொறுப்பு. அக்காவுக்கு வயது பன்னிரண்டாகவும் இருக்கலாம்.

பழவேற்காட்டைச் சுற்றிய சில ஊர்களில் மீன்பிடி இடங்களைக் குடும்பங்களுக்குள் முறை வைத்துப் பகிரும் பாடு முறை நெடுங்காலமாக நடந்துவருகிறது. முறைக்குள் இருக்கும் குடும்பத்துக்கு ஓரளவு நிச்சயம் உண்டு. முறைக்கு வெளியே இருப்பவர்களுக்கு அது இல்லை. முழங்கால் அளவு சேற்றுநீரில் குனிந்து, கையால் தடவி இறால் பிடித்து, பல்லில் கவ்விய ஓலைப் பறிக்குள் போடும் இருளர் குடும்பங்கள் இந்த இரண்டாம் வகையினர். ஏரி வற்றும் கோடையில் அவர்களில் பலர் செங்கல் சூளைகளுக்கும் வெளியூர் வேலைக்கும் போகிறார்கள். பிள்ளைகளும் உடன் போகிறார்கள். பள்ளிப் பதிவேட்டில் "நீண்ட நாள் வராதவர்" என்று குறிக்கப்படும் பெயர்களில் வளர்ச்சிக் குறைபாடுள்ள பிள்ளை யார், சூளைக்குப் போன பிள்ளை யார் என்று பிரித்தறிய ஆசிரியருக்கு வழியே இல்லாமல் போகிறது.

வருமானத்தின் நிலையாமை இதற்கு மேல் ஒரு சுமை. முகத்துவாரம் மணலால் மூடிக்கொண்டால் கடல்நீரும் இறால் குஞ்சும் ஏரிக்குள் வருவது குறையும். ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட் ஏவும் நாட்களில் கடலுக்குப் போகத் தடை. எல்லை தாண்டிய வலைக்காக இரு மாநில மீனவர்களுக்கும் இடையே தகராறு எழுவதும் உண்டு. கடன் ஏறும்போது வீட்டில் சத்தம் ஏறுகிறது. வறுமை தானாகவே குழந்தையை நோயாளி ஆக்குவதில்லை. ஆனால் பெற்றோரின் பொறுமையை அரித்து, குழந்தையிடம் பேசும் நேரத்தைக் குறைத்து, ஏற்கெனவே சிரமத்தில் இருக்கும் பிள்ளையின் சிரமத்தைக் கூட்டுகிறது.

இந்த வாழ்க்கையில் குழந்தைக்குச் சாதகமானவையும் உண்டு. நகரத்து அடுக்ககத்தில் அடைபட்ட ஆட்டிசக் குழந்தைக்குக் கிடைக்காத வெளி இங்கே கிடைக்கிறது. பெரியம்மா, அத்தை, பாட்டி என்று பத்துக் கைகள் பிள்ளையைத் தூக்குகின்றன. அறிவுத்திறன் குறைந்த இளைஞன் வலை உலர்த்தவும் படகு இழுக்கவும் சேர்த்துக்கொள்ளப்படுகிறான், கூலியும் பெறுகிறான். உதவித் திட்டம் தீட்டுபவர்கள் இதையெல்லாம் அழித்துவிட்டுப் புதிதாக எதையோ கட்ட வேண்டியதில்லை. ஏற்கெனவே நீளும் கைகளுக்குச் சரியான செய்கையைக் கற்றுத்தந்தால் போதும்.

5. ஊர் தரும் விளக்கம்

மூன்று வயதாகியும் பேசாத பிள்ளைக்கு ஊரில் முதலில் கிடைக்கும் விடை "அவங்க அப்பனும் லேட்டாத்தான் பேசினான்" என்பது. இரவில் திடுக்கிட்டு அழும் பிள்ளைக்குக் கிடைப்பது "பயந்திருக்குது" என்ற விளக்கம். மந்திரித்துக் கயிறு கட்டுவார்கள், தர்காவில் ஓதிய தண்ணீர் கொடுப்பார்கள், மாதா கோயிலில் வேண்டிக்கொள்வார்கள். ஏரிக்கரையில் மதம் கடந்து நடக்கும் பழக்கம் இது. பிள்ளைக்கு வலிப்பு வந்தாலோ ஒரு பெண்பிள்ளை திடீரெனக் குரல் மாறிப் பேசினாலோ காற்று, கருப்பு, செய்வினை என்று பேச்சு வளரும்.

இதை மூடநம்பிக்கை என்று ஒரே சொல்லில் ஒதுக்குவது ஆய்வுக்கு உதவாது. தமிழகத்தில் முத்துசாமி கோயில் ஒன்றில் தங்கிய மனநோயாளிகள் 31 பேரை நிமான்ஸ் ஆய்வாளர்கள் கவனித்து 2002-இல் வெளியிட்ட அறிக்கை, சராசரியாக ஆறு வாரம் தங்கியவர்களிடம் நோய்க்குறிகள் ஏறத்தாழ 20 விழுக்காடு குறைந்ததாகச் சொன்னது. அமைதியான இடம், யாரும் கேலி செய்யாத சூழல், உடன் தங்கும் உறவினர் ஆகியவையே காரணமாக இருக்கலாம். அவர்கள் பெரியவர்கள், தங்கியிருந்தவர்களை வேறொரு குழுவோடு ஒப்பிடவும் இல்லை. எனவே அந்த எண்ணைக் குழந்தைகளுக்குப் பொருத்த முடியாது. ஆனால் பயந்த பிள்ளைக்குக் கயிறு கட்டும் பாட்டி அதனிடம் செய்வது என்ன என்பதை அது விளக்குகிறது: மடியில் வைத்து, தலை தடவி, இனி ஒன்றும் வராது என்று உறுதி சொல்கிறார். பதற்றம் கொண்ட குழந்தைக்கு எந்த மருத்துவரும் முதலில் சொல்வது அதையேதான்.

கேடு வருவது இரண்டு இடங்களில். ஒன்று, காலதாமதம். ஆட்டிசத்திலும் பேச்சு வளர்ச்சிக் குறைபாட்டிலும் முதல் ஐந்து ஆண்டுகளுக்கு ஈடு கிடையாது. கயிறு மாற்றிக் கயிறு கட்டி அந்த ஆண்டுகள் போய்விடுகின்றன. மற்றொன்று, அடியும் கட்டும். 2001 ஆகஸ்ட் 6 அன்று தர்கா ஊரான ஏர்வாடியில் சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்த 28 மனநோயாளிகள் தீயில் மாண்டபோது, அந்த ஊருக்கு அவர்களை அனுப்பிய குடும்பங்கள் கொடியவர்கள் அல்லர். வேறு வழி காட்டப்படாதவர்கள். கயிறும் கட்டட்டும், மருத்துவமனைக்கும் வரட்டும் என்று சொல்லும் கிராம சுகாதாரச் செவிலியர், கயிற்றை அறுத்தெறியச் சொல்பவரைவிட அதிகக் குழந்தைகளைச் சிகிச்சைக்குக் கொண்டுவருவார்.

6. வகுப்பறை

எல்லைக் கிராமங்களில் பல வீடுகளின் பேச்சுமொழி தெலுங்கு, பள்ளிமொழி தமிழ். முதல் வகுப்பில் தடுமாறும் பிள்ளைக்குக் கற்றல் குறைபாடு என்று முடிவுகட்டுவதற்கு முன் அது வீட்டில் எந்த மொழி பேசுகிறது என்று கேட்க வேண்டும். கண், காது சோதனையும் அதற்கு முன் நடக்க வேண்டும். மாறாக, நான்காம் வகுப்பிலும் இரு மொழியிலும் சரளமாகக் கதை சொல்லும் பிள்ளை ஒரு வரியைக்கூட வாசிக்கத் திணறினால், அதைத் "தெலுங்கு வீட்டுப் பிள்ளை" என்று விட்டுவிடுவதும் பிழையே. கொரோனாக் காலம் இந்தக் குழப்பத்தைக் கூட்டியது. 2020 மார்ச்சில் மூடிய பள்ளிகளில் ஒன்று முதல் எட்டு வரையிலான வகுப்புகள் 2021 நவம்பர் 1-இல்தான் திறந்தன. அந்த இடைவெளியால் பின்தங்கியவர்களையும் பிறவிச் சிரமத்தால் பின்தங்கியவர்களையும் பிரித்தறியும் வேலை இன்றும் ஆசிரியர்களின் தலையில் இருக்கிறது.

2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு அடிப்பதையும் மனத்தைப் புண்படுத்துவதையும் தடைசெய்கிறது. ஓரிடத்தில் உட்கார முடியாத பிள்ளையின் மேல் அடி விழும் வாய்ப்பு மற்ற பிள்ளைகளைவிட அதிகம். அந்தப் பிள்ளைக்குப் பலிப்பவை மிக எளிய செய்கைகள்: முதல் வரிசையில் இடம், ஒரு நேரத்தில் ஒரே கட்டளை, பத்து நிமிடத்துக்கு ஒருமுறை கரும்பலகை துடைக்கவோ நோட்டுகளை எடுத்துவரவோ எழுப்பி விடுவது, செய்து முடித்ததை அப்போதே பாராட்டுவது. பசியோடு வரும் பிள்ளைக்குக் கவனக்குறைவு என்று பெயர் வைப்பதைத் தவிர்க்க, 2023 ஆகஸ்டில் அரசுத் தொடக்கப் பள்ளிகள் அனைத்துக்கும் விரிவாக்கப்பட்ட காலை உணவுத் திட்டம் உதவியிருக்கிறது.

ஆசிரியரையே ஆற்றுப்படுத்துநர் ஆக்கிவிடலாம் என்ற எண்ணம் திட்டங்களில் அடிக்கடி தலைகாட்டும். பீகாரின் நாளந்தா மாவட்டத்தில் 74 உயர்நிலைப் பள்ளிகளில் நடந்த சோதனை இதைத் தெளிவாக எடைபோட்டது. ஒரு பிரிவுப் பள்ளிகளில் அதற்கென்றே பயிற்சி பெற்ற உள்ளூர்ப் பணியாளர் ஒருவர் மாணவரிடம் பேசினார். இன்னொரு பிரிவில் அதே வேலையை ஆசிரியர் செய்தார். 2018-இல் வெளியான முடிவின்படி, முதல் பிரிவில் பள்ளிச் சூழலும் மாணவரின் மனச்சோர்வும் குறிப்பிடத்தக்க அளவு சீர்பட்டன. ஆசிரியர் செய்த பிரிவில் மாற்றமே இல்லை. மதிப்பெண் போடுபவரிடமும் தண்டிப்பவரிடமும் பிள்ளை மனம் திறந்து பேசுவது கடினம். அவருக்கு நேரமும் இல்லை. ஏரிக்கரைப் பள்ளிகளுக்கு இதன் பொருள், ஊரிலேயே படித்த ஒரு பெண்ணுக்குப் பயிற்சியும் சம்பளமும் கொடுத்து அந்த வேலைக்கென்றே அமர்த்துவது.

7. இரண்டு சட்டங்கள், பல படிகள்

சட்டப்படி குழந்தைக்குக் குறையொன்றும் இல்லை. 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளை ஏற்கிறது. ஆட்டிசம், அறிவுத்திறன் குறைபாடு, கற்றல் குறைபாடு, மனநோய் நான்கும் அதில் உண்டு. 2017-ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம் சிகிச்சையை உரிமையாக்குகிறது. குழந்தையை மருத்துவமனையில் சேர்த்தால் பெரியவர்களிடமிருந்து தனியே வைக்க வேண்டும், உறவினர் உடனிருக்க வேண்டும் என்கிறது. ஆனால் அந்தச் சட்டத்தின் வரையறை அறிவுத்திறன் குறைபாட்டை மனநோயாகக் கொள்வதில்லை. கொள்கை அளவில் அது சரியான பிரிவினை. நடைமுறையில், அறிவுத்திறன் குறைபாட்டோடு கடும் பதற்றமும் உள்ள ஒரு சிறுமியின் தாய் சான்றிதழுக்கும் உதவித்தொகைக்கும் மாற்றுத்திறனாளிகள் நலத் துறையையும், மாத்திரைக்குச் சுகாதாரத் துறையையும், வகுப்புக்குப் பள்ளிக் கல்வித் துறையையும் தனித்தனியே பார்க்க வேண்டியிருக்கிறது.

அந்தத் தாயின் ஒரு நாளைக் கணக்கிட்டால் தொலைவு புலப்படும். சுண்ணாம்புக்குளத்திலிருந்து கும்மிடிப்பூண்டிக்குப் பேருந்து, அங்கிருந்து சென்ட்ரலுக்குப் புறநகர் ரயில், பிறகு எழும்பூர் குழந்தைகள் நல மருத்துவமனைக்கோ 1794-இல் தோன்றிய கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனைக்கோ இன்னொரு வண்டி. கூட்டத்தில் காதைப் பொத்திக்கொண்டு அலறும் பிள்ளையைப் பார்த்து ரயிலில் எல்லோரும் திரும்புகிறார்கள். வளர்ப்புச் சரியில்லை என்று யாரோ சொல்கிறார். புறநோயாளிச் சீட்டு காலையோடு முடிந்துவிடும். போய்த் திரும்பும் நாளின் கூலி போயிற்று. மூத்த பெண்ணின் பள்ளியும் போயிற்று. இதை மாதம் ஒருமுறை, ஆண்டுக்கணக்கில் செய்யச் சொல்வதே இன்றைய ஏற்பாடு. பாதியில் நின்றுவிடும் தாய்மார்களை அலட்சியக்காரர்கள் என்று சொல்ல யாருக்கும் உரிமையில்லை. 2022 ஜனவரியில் திருவள்ளூரில் அரசு மருத்துவக் கல்லூரி திறக்கப்பட்டது உண்மையான முன்னேற்றம். என்றாலும் மாவட்டத்தின் வடகிழக்கு மூலையில் இருக்கும் ஏரிக்கரைக்குத் திருவள்ளூர் நகரமும் அருகில் இல்லை.

அருகில் வரும் ஏற்பாடுகளும் உண்டு. 1982-இல் வகுக்கப்பட்ட தேசிய மனநலத் திட்டத்தின் கீழ் 1996 முதல் மாவட்ட மனநலத் திட்டம் நடக்கிறது. தமிழ்நாட்டில் திருச்சியில் தொடங்கியது. 2013-இல் வந்த தேசியக் குழந்தைகள் நலத் திட்டத்தின் நடமாடும் குழு அங்கன்வாடிகளுக்கும் அரசுப் பள்ளிகளுக்கும் வந்து 18 வயது வரையிலானோரை 30 வகைக் குறைகளுக்குச் சோதிக்கிறது. வட்டார வள மையத்தின் சிறப்புப் பயிற்றுநர்கள் பள்ளிக்கு வர இயலாத பிள்ளைகளை வீட்டிலேயே சந்திக்கிறார்கள். இவற்றின் பலவீனம் தொடர்ச்சியில் இருக்கிறது. கண்டறிவது ஒரு குழு, சான்று தருவது மற்றொரு முகாம், பயிற்சி தருவது வேறொரு துறை. சோதனையில் கண்டறியப்பட்ட பிள்ளை அடுத்த படிக்கு வந்துசேர்ந்ததா என்று பெயர் சொல்லி விசாரிக்கும் ஓர் ஆள் ஒவ்வொரு ஊருக்கும் வேண்டும்.

8. வளரிளம் பருவம்

பன்னிரண்டு வயதுக்கு மேல் சிக்கலின் முகம் மாறுகிறது. பையன் தொழிலுக்கு இழுக்கப்படுகிறான். பெண் வீட்டுக்குள் இழுக்கப்படுகிறாள். மனச்சோர்வு இந்த வயதில் அழுகையாக வராமல் எரிச்சலாக, தலைவலியாக, வயிற்றுவலியாக, பள்ளிக்குப் போகாமையாக வரும். வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியினர் கணியம்பாடி வட்டாரத்தில் 1992 முதல் 2001 வரை திரட்டி 2004-இல் வெளியிட்ட கணக்கு தமிழகத்தை உலுக்கியிருக்க வேண்டியது: 10 முதல் 19 வயதுப் பெண்களில் ஆண்டுக்கு லட்சத்துக்கு 148 பேர், ஆண்களில் 58 பேர் தற்கொலையால் இறந்தார்கள். 2022-இல் நாடு முழுவதும் 13,000-க்கும் மேற்பட்ட மாணவர்கள் தற்கொலையால் இறந்தார்கள் என்றும் மாநில வரிசையில் தமிழ்நாடு மகாராட்டிரத்துக்கு அடுத்த இடத்தில் இருந்தது என்றும் தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் சொல்கிறது.

இது தடுக்கக்கூடிய மரணம். தேர்வில் தவறியவர்கள் ஆண்டை இழக்காமல் உடனே மறுபடி எழுதும் துணைத் தேர்வு தமிழ்நாட்டில் வந்ததே ஒரு மனநலத் தலையீடுதான். சாவைப் பற்றிப் பேசும் பிள்ளையிடம் நேரடியாகக் கேட்டால் எண்ணம் வலுத்துவிடும் என்ற அச்சத்துக்கு ஆதாரமில்லை. அமைதியாகக் கேட்பதும், தனியே விடாமல் உடனிருப்பதும், அன்றே உதவிக்கு அழைத்துப்போவதும் உயிரைக் காக்கின்றன.

9. வீட்டு வாசலுக்கு வரும் உதவி

இந்தியாவில் லட்சம் பேருக்கு ஒரு மனநல மருத்துவர்கூட இல்லை, 0.75 என்பது 2019-இல் வெளியான கணக்கு. குழந்தைகளுக்கென்றே பயின்றவர்கள் அதிலும் மிகச் சிலர். ஆகவே நிபுணர் கண்டறிந்து வழிகாட்ட, அன்றாட வேலையை ஊரில் இருப்பவர் செய்யும் முறையைத் தவிர வேறு வழி தெரியவில்லை. கோவாவிலும் பாகிஸ்தானின் ராவல்பிண்டியிலும் ஆட்டிசமுள்ள 65 குழந்தைகளிடம் நடந்து 2016-இல் வெளியான சோதனை இந்த வகையில் முக்கியமானது. மருத்துவப் பட்டமில்லாத பணியாளர் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை, ஆறு மாதம், வீட்டுக்கே போனார். தாய் குழந்தையோடு விளையாடுவதைப் படம்பிடித்து, அதைத் தாயோடு உட்கார்ந்து பார்த்தார். குழந்தை எந்த இடத்தில் திரும்பிப் பார்த்தது, தாய் எந்த இடத்தில் அவசரப்பட்டார் என்று இருவரும் கண்டுகொண்டார்கள். தாயின் மறுமொழி மேம்பட்டது. குழந்தை தானாகத் தொடங்கும் தொடர்பும் கூடியது. தாயும் குழந்தையும் ஒரே பொருளில் கவனத்தைப் பகிரும் நேரம் மட்டும் கூடவில்லை. பலனை மிகைப்படுத்தாமல் சொன்ன ஆய்வு என்பதாலேயே அதை நம்பலாம்.

தென்காசி மாவட்டம் ஆய்க்குடியில் எஸ். ராமகிருஷ்ணன் 1981-இல் தொடங்கிய அமர் சேவா சங்கம், கிராமப் பெண்களையே மறுவாழ்வுப் பணியாளர்களாகப் பயிற்றி வீடு வீடாக அனுப்பிவருகிறது. ஸ்கார்ஃப் மனநல அமைப்பு புதுக்கோட்டையில் 2010 முதல் வாகனத்தில் தொலைமருத்துவ வசதியோடு கிராமங்களுக்குப் போனது. இரண்டும் தமிழகத்தின் சொந்த அனுபவங்கள். ஏரிக்கரைக்காக மாநிலத்துக்கு வெளியே மாதிரி தேட வேண்டியதில்லை.

ஏரிக்கரை வீட்டில் இது எப்படி நடக்கும் என்பதைக் கற்பனை செய்வது கடினமில்லை. இறால் தரம் பிரிக்கும் தாயின் எதிரில் பேசாத நான்கு வயதுப் பிள்ளை உட்கார்ந்திருக்கிறது. பெரியது ஒன்றை எடுத்துப் பிள்ளையின் கண்ணுக்கு நேரே காட்டி, "பெருசு" என்று ஒரே சொல்லைச் சொல்லி, பிள்ளை பார்க்கும் வரை காத்திருந்து, பார்த்த பிறகு அதன் கையில் கொடுத்துக் கூடையில் போடச் செய்கிறார். அடுத்தது "சிறுசு". பத்து நிமிடம் போதும். வேலையும் நடக்கிறது, பயிற்சியும் நடக்கிறது. இதற்குத் தனி அறையோ பொம்மையோ தேவையில்லை. காத்திருக்க வேண்டும் என்று யாராவது ஒருமுறை காட்டிக்கொடுக்க வேண்டும். அதைப் போலவே, சீக்கிரம் படுப்பது, சோறும் பள்ளியும் விளையாட்டும் ஒரே வரிசையில் வருவது, மாற்றம் வருமுன் சொல்லி வைப்பது ஆகியவை பதற்றமுள்ள குழந்தைக்கு மருந்துக்கு நிகரானவை. தாயின் சோர்வுக்கும் கவனிப்பு வேண்டும். தந்தையின் குடிக்குச் சிகிச்சை தருவது குழந்தை மனநலத் திட்டத்தின் ஒரு பகுதியாகவே அமைய வேண்டும். இலங்கை ஆய்வு காட்டியபின் அதைத் தனித் துறையாக ஒதுக்கி வைப்பதற்கு நியாயமில்லை.

ஆகவே கோரிக்கை தெளிவானது. ஏரிக்கரை ஊர்களின் ஆரம்ப சுகாதார நிலையங்களுக்கு மாவட்ட மனநலக் குழு குழந்தைகளுக்கென்றே மாதம் ஒரு நாள், முன்கூட்டி அறிவித்த தேதியில் வர வேண்டும். அதே நாளில் அதே இடத்தில் சான்றிதழுக்கான மதிப்பீடும் சிறப்புப் பயிற்றுநரின் சந்திப்பும் நடக்க வேண்டும். சூளைக்குப் போகும் குடும்பத்தின் பிள்ளையுடைய குறிப்பேடு பிள்ளையோடு போக வேண்டும். அதுவரை, கவலைப்படும் பெற்றோரும் ஆசிரியரும் 2022 அக்டோபரில் தொடங்கிய தொலைபேசி மனநல சேவையை 14416 என்ற எண்ணில் எந்த நேரமும் தமிழிலேயே அழைக்கலாம். குழந்தைக்கு வன்முறையோ ஆபத்தோ இருந்தால் 1098. இரண்டும் கட்டணமில்லாதவை.